பாப்பர் வழக்குக்கு வாரிசு உண்டா?

நீதிமன்றக் கட்டணம் கட்ட வழியில்லாத ஒருவர், கட்டணம் இல்லாமலேயே வழக்கு நடத்த அனுமதி கேட்டு மனுப் போடுகிறார். மனு விசாரணையில் இருக்கும்போதோ, அனுமதி கிடைத்து வழக்கு நடக்கும்போதோ இறந்துபோகிறார். அவருடைய மனைவி மக்கள் அந்த வழக்கைத் தொடரலாமா? தொடர்ந்தால் கட்டணம் கட்டியாக வேண்டுமா? கட்ட முடியாது என்றால், நீதிமன்றம் யாருடைய ஏழ்மையை அளக்கும்? போனவருடையதையா, இருப்பவர்களுடையதையா?

தர்மபுரி போன்ற மாவட்டத்தில் இது வெறும் ஏட்டுக் கேள்வி அல்ல. 1965 அக்டோபர் 2 அன்று சேலத்திலிருந்து பிரிந்து உருவான இம்மாவட்டம், 2004இல் கிருஷ்ணகிரியையும் பிரித்துக் கொடுத்த பிறகு, அரூர், பென்னாகரம், பாலக்கோடு, பாப்பிரெட்டிப்பட்டி என்று மானாவாரி நிலமும் மலையடிவாரமும் மிகுந்த வட்டங்களோடு நிற்கிறது. வேலை தேடி பெங்களூருக்கும் திருப்பூருக்கும் போகிறவர்கள் ஏராளம். ஊரில் விட்டுப்போன நிலத்தைப் பற்றிய தகராறு ஊரிலேயே கிடக்கும். நிலத்தின் சந்தை விலை ஏறும். அதை மீட்க வழக்குப் போடுகிறவரின் கூலி அந்த வேகத்தில் ஏறாது. மதிப்பை வைத்துக் கட்டணம் கணக்கிடும் சட்டத்தில், இந்த இடைவெளியில் விழுகிறவர்தான் 'பாப்பர் ஓ.பி.', அதாவது ஏழை என்ற முறையில் கட்டணமின்றி வழக்காட அனுமதி கேட்கும் மனு, போடுகிறார். 1976ஆம் ஆண்டுத் திருத்தம் 'பாப்பர்' என்ற சொல்லைச் சட்டத்திலிருந்து எடுத்துவிட்டது. வழக்கு எண்ணிலும் வக்கீல் குமாஸ்தாக்களின் பேச்சிலும் அது இன்னும் போகவில்லை.

வாரிசுகள் பற்றிய கேள்விக்கு நூறாண்டுக்கும் மேலாக விடைகள் சொல்லப்பட்டு வருகின்றன. அவை ஒன்றோடொன்று முழுதாக ஒத்துப்போவதில்லை. எந்த விடை எங்கிருந்து வந்தது, எது எந்த இடத்தில் பலவீனப்படுகிறது என்று பார்ப்பதே இக்கட்டுரையின் வேலை.

கட்டணத்தின் பூர்வீகம்

நீதி கேட்டு வருகிறவரிடம் வழக்கின் மதிப்புக்கேற்பக் கட்டணம் வாங்கும் ஏற்பாடு கம்பெனி ஆட்சியில் வேர்பிடித்தது. 1795ஆம் ஆண்டு வங்காள ஒழுங்குவிதி தன் முகவுரையில் அதற்குச் சொன்ன நியாயம், ஆதாரமற்ற வழக்குகளைத் தடுப்பது. அந்த முகவுரையை மெக்காலே பின்னாளில் கடுமையாகக் கேலி செய்தார். கட்டணம் பொய் வழக்கை மட்டும் பொறுக்கித் தடுப்பதில்லை, உண்மை வழக்கையும் சேர்த்தே தடுக்கிறது என்பது அவர் வாதத்தின் சாரம். 1870இல் நாடு தழுவிய நீதிமன்றக் கட்டணச் சட்டம் வந்தது. சென்னை மாநிலம் 1955இல் தனக்கென ஒரு சட்டம் இயற்றிக்கொண்டது. அந்தச் சட்டத்தின் கீழ் மதிப்பு வழிக் கட்டணம் நெடுங்காலம் நூற்றுக்கு ஏழரை ரூபாயாக இருந்து, 2017இல் மூன்று ரூபாயாகக் குறைந்தது. 20 லட்ச ரூபாய் மதிப்புள்ள வழக்குக்கு முன்பு 1,50,000 ரூபாய். இப்போது 60,000 ரூபாய். குறைப்பு பெரியதுதான். ஆனால் தினக்கூலியில் வாழும் குடும்பத்துக்கு 60,000 ரூபாயும் கதவடைப்புத்தான்.

விலக்கின் பூர்வீகம் இன்னும் பழையது. இங்கிலாந்தில் ஏழாம் ஹென்றி காலத்தில், 1495இல், ஏழை வாதிக்குக் கட்டணமின்றி ஆணையும் வழக்கறிஞரும் தரும் சட்டம் வந்தது. உடுத்திய துணியையும் வழக்குச் சொத்தையும் தவிர ஐந்து பவுன் கூடத் தேறாது என்று அங்கே சத்தியம் செய்ய வேண்டும். அதே அச்சு நம் சட்டத்தில் அப்படியே பதிந்தது. 1908ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 33, கட்டணம் கட்டப் போதிய வசதியில்லாதவரைப் பாப்பர் என்றது. கட்டணம் வரையறுக்கப்படாத வழக்கில், உடைகளும் வழக்குச் சொத்தும் நீங்கலாக 100 ரூபாய் இல்லாதவர் என்றது. 1976 திருத்தம் 100 ரூபாயை 1,000 ஆக்கியது. தங்கத்தின் விலை எங்கோ போய்விட்டது. இந்த ஆயிரம் மட்டும் இன்றுவரை ஆயிரமாகவே இருக்கிறது.

ஏழ்மையை அளக்கும்போது கணக்கில் சேராதவை எவை என்பதையும் சட்டம் சொல்கிறது. வழக்குச் சொத்து சேராது. ஜப்தி செய்ய முடியாதவையும் சேரா: சமையல் பாத்திரம், படுக்கை, உழவரின் உழவு மாடு, கருவிகள், அவர் குடியிருக்கும் வீடு, மத வழக்கப்படி ஒரு பெண் கழற்றக் கூடாத நகை. ஆக, ஓட்டு வீடும் ஒரு ஜோடி மாடும் வைத்திருக்கும் பென்னாகரத்து விவசாயி சட்டத்தின் கண்ணில் 'வசதியில்லாதவர்' ஆகலாம்.

தள்ளுபடி அல்ல, தவணை

வாரிசுக் கேள்வியில் பலரும் கோட்டைவிடும் இடம் இதுதான். கட்டளை 33 கட்டணத்தைத் தள்ளுபடி செய்வதில்லை, தள்ளிவைக்கிறது. வாதி ஜெயித்தால், கட்டப்படாமல் நின்ற கட்டணம் வழக்குச் சொத்தின் மீது முதல் பொறுப்பாக ஏறுகிறது. தோற்றால், அவரே கட்ட வேண்டும் என்று நீதிமன்றம் உத்தரவிடும். வசூல் ஆட்சியர் வழியே நடக்கும், நிலவரி பாக்கியை வசூலிப்பது போலவே.

அப்படியானால் பாப்பர் வழக்கில் வாரிசு பெறுவது உரிமையை மட்டுமல்ல, ஒரு கடனையும்தான். வழக்கு அவர் கைக்கு வரும்போது அரசுக்குச் சேர வேண்டிய தொகையும் அதோடு ஒட்டியே வருகிறது. இதை மனத்தில் வைத்துக்கொண்டு பார்த்தால், 'வாரிசுகளுக்கு இலவசமாக வழக்கு நடத்தக் கொடுத்துவிடலாமா' என்ற பதற்றம் பாதி அடங்கிவிடும். அரசு எதையும் இழப்பதில்லை, காத்திருக்கிறது.

விசாரணை நடக்கும் முறையும் கவனிக்கத்தக்கது. மனுவை மனுதாரர் நேரில் தாக்கல் செய்ய வேண்டும் என்பது பொது விதி. நீதிமன்றம் அவரை விசாரிக்கலாம். எதிர்த்தரப்புக்கும் அரசு வழக்கறிஞருக்கும் நோட்டீஸ் போகும். கிராம நிர்வாக அலுவலர், தாசில்தார் வழியே சொத்து விவரம் வரவழைக்கப்படும். மனுவுக்கு முந்தைய இரண்டு மாதத்துக்குள் மோசடியாகச் சொத்தைக் கைமாற்றியிருந்தால் மனு தள்ளுபடியாகும். இதெல்லாம் வாய்தா வாய்தாவாக நகரும். எழுபது வயதில் மனுப் போட்டவர் அனுமதி உத்தரவைப் பார்க்காமலே போய்ச் சேர்வது விந்தை அல்ல. வாரிசுக் கேள்வி பிறப்பது பெரும்பாலும் சட்டத்தின் ஓட்டையில் அல்ல, இந்தத் தாமதத்தில்.

முதல் விடை: அனுமதி ஆளோடு போகும்

பழைய விடை கண்டிப்பானது. வழக்குரிமை ஒன்று, கட்டணமின்றி வழக்காடும் சலுகை வேறொன்று. முன்னது சொத்தோடு இறங்கும். பின்னது ஒருவருடைய தனிப்பட்ட நிலைமையைப் பார்த்துக் கொடுப்பது; அந்த ஆள் போனால் அதுவும் போகும். மனு நிலுவையில் இருக்கும்போதே மனுதாரர் இறந்தால் வாரிசுகள் அந்த மனுவைத் தொடர முடியாது, வேண்டுமானால் தாங்களே புதிதாக விண்ணப்பிக்கட்டும் அல்லது கட்டணம் கட்டி வழக்குப் போடட்டும் என்பது இதன் முடிவு. கல்கத்தா உயர் நீதிமன்றத்தின் 1906ஆம் ஆண்டு லலித் மோகன் மண்டல் வழக்குத் தீர்ப்பு இந்த நிலைப்பாட்டுக்கு அடிக்கடி காட்டப்படும் முன்னோடி.

இந்த விடைக்கு வலு இல்லை என்று ஒதுக்க முடியாது. நேரில் வர வேண்டும், நேரில் விசாரிக்கப்பட வேண்டும் என்ற விதிகள் சலுகையை ஆளோடு கட்டுகின்றன. எதிர்த்தரப்பின் நியாயமும் உண்டு. கட்டணம் கட்டாமல் தன்மீது வழக்குத் தொடரப்படாமல் இருப்பது பிரதிவாதிக்கு மதிப்புள்ள ஓர் உரிமை என்று உச்ச நீதிமன்றமே 1972இல் எம்.எல். சேத்தி வழக்கில் சொன்னது. ஊர்ப்புறத்தில் நடக்கக்கூடிய சூழ்ச்சியையும் நினைக்க வேண்டும்: கையில் ஒன்றுமில்லாத பெரியவரை முன்னால் நிறுத்தி வழக்கைத் தொடங்கிவிட்டு, பின்னாலிருந்து வசதியான மகன் நடத்துவது.

பலவீனம் காலக்கெடுவில் இருக்கிறது. பெரியவர் கெடுவுக்குள் மனுப் போட்டிருப்பார். அவர் இறந்த பிறகு வாரிசுகள் புதிதாகத் தொடங்கினால் கெடு கடந்திருக்கும். சலுகை மட்டும்தான் செத்தது என்று சட்டம் சொல்லிக்கொள்ளலாம். நடைமுறையில் செத்தது உரிமை. ஏழையாக இருந்ததற்கும், விசாரணை முடியும்வரை உயிரோடு இல்லாமல் போனதற்கும் சேர்த்துக் கொடுக்கும் தண்டனையாக அது மாறிவிடுகிறது.

இரண்டாம் விடை: மனு போட்ட அன்றே வழக்கு பிறந்தது

இதற்கு மாற்றான சிந்தனையின் விதை பிரிவி கவுன்சிலில் விழுந்தது. 1879இல் முடிந்த ஸ்கின்னர் எதிர் ஆர்டே வழக்கில், பாப்பராக மனுப் போட்டவர் விசாரணை முடியும் முன்பே கட்டணத்தைக் கட்டிவிட்டார். வழக்கு எந்த நாளில் தொடங்கியது, மனுப் போட்ட நாளிலா, பணம் கட்டிய நாளிலா? மனுப் போட்ட நாளில்தான் என்றது கவுன்சில். இன்றைய காலவரையறைச் சட்டமும், பாப்பர் விஷயத்தில் அனுமதி கோரும் மனு கொடுக்கப்படும்போதே வழக்கு தொடங்குகிறது என்று வெளிப்படையாகச் சொல்கிறது.

உச்ச நீதிமன்றம் 1962இல் விஜய் பிரதாப் சிங் வழக்கில் இதைக் கெட்டிப்படுத்தியது. அனுமதி மனு வெறும் சலுகை விண்ணப்பம் அல்ல. அது கொடுக்கப்பட்ட கணத்திலேயே வழக்கு தொடங்கிவிடுகிறது என்பது நீதிபதி ஜே.சி. ஷா எழுதிய தீர்ப்பின் மையம். வழக்கு தொடங்கிவிட்டது என்றால், வாதி இறந்தால் வாரிசைச் சேர்க்கும் கட்டளை 22 தானாகவே பொருந்தும். 1906 நிலைப்பாட்டின் அடித்தளம் இங்கே பெரிதும் ஆட்டம் கண்டது.

'ஆள்' என்பதன் பொருளும் விரிந்துகொண்டே வந்திருக்கிறது. 1918இலேயே சென்னை உயர் நீதிமன்றம், திருமலைராயபுரம் நிதி நிறுவனம் ஒன்றைப் பற்றிய வழக்கில், ஒரு கம்பெனியும் பாப்பராக வழக்காடலாம் என்று ஏற்றது. 2001இல் யூனியன் பாங்க் எதிர் காதர் இன்டர்நேஷனல் வழக்கில் உச்ச நீதிமன்றம் அதே பக்கம் சாய்ந்தது. கம்பெனிக்கு உடல் இல்லை, பசி இல்லை. இருப்பது சொத்தும் கடனும்தான். கம்பெனியும் வசதியற்றவராக முடியும் என்றால், இந்தச் சலுகை தனிமனிதரின் உடலோடு ஒட்டியது, அவரோடு முடிந்துவிடும் என்ற வாதம் எப்படி நிற்கும்? வாரிசு வழக்குகளில் இந்த வாதத்தை இன்னும் அழுத்திச் சொல்ல இடமிருக்கிறது என்பது என் கருத்து.

சட்டத்தின் வாசகத்திலேயே ஒரு தடயம் உண்டு. 1908 மூலத்தில் இல்லாமல் கட்டளை 33இல் பின்னர் சேர்க்கப்பட்ட விதி 11அ, வாதியின் மரணத்தால் பாப்பர் வழக்கு அற்றுப்போனால் கட்டணத்தை அவர் விட்டுச்சென்ற சொத்திலிருந்து அரசு வசூலிக்கலாம் என்கிறது. எல்லாப் பாப்பர் வழக்கும் மரணத்தோடு முடிந்துவிடும் என்றால், 'அற்றுப்போனால்' என்ற நிபந்தனைக்கு வேலையே இல்லை. அற்றுப்போகாமல் தொடரும் வழக்குகளும் உண்டு என்று கருதித்தான் விதி எழுதப்பட்டிருக்கிறது. ஆனால் தொடரும்போது கட்டணம் என்னவாகும் என்பதை அதே விதி சொல்லாமல் விட்டுவிட்டது. வசூலில் காட்டிய அக்கறையை வாரிசிடம் காட்டவில்லை.

யாருடைய ஏழ்மை?

வாரிசு வழக்கில் சேரலாம் என்பது இன்று ஏறத்தாழத் தீர்ந்த விஷயம். தீராமல் நிற்பது அளவுகோல். மூன்று விதமாகப் பேசப்படுகிறது.

ஒரு தரப்பு, வாரிசு தன் சொந்த வசதியின்மையைத் தானே நிரூபிக்க வேண்டும், முடியாவிட்டால் கட்டணத்தைக் கட்ட வேண்டும் என்கிறது. நடைமுறையில் இதுவே எளிய நடுவழியாகத் தோன்றும். வழக்கும் சாகாது, வசதியானவர் தப்பவும் முடியாது. ஆனால் இதன்படி ஒவ்வொரு மரணத்துக்கும் ஒரு புதிய ஏழ்மை விசாரணை. மறுபடியும் தாசில்தார் அறிக்கை, மறுபடியும் நோட்டீஸ், வாய்தா. தாத்தா போட்ட வழக்கில் பேரன் தன் ஏழ்மையை நிரூபித்துக்கொண்டிருக்க, மூல வழக்கு விசாரணைக்கே வராமல் கிடக்கும்.

இன்னொரு தரப்பு 1976 திருத்தம் கட்டளை 33இல் சேர்த்த மூன்றாம் விளக்கத்தைப் பிடித்துக்கொள்கிறது. ஒருவர் பிரதிநிதி என்ற முறையில் வழக்காடினால், அந்த முறையில் அவர் கையில் உள்ள வசதியை மட்டுமே பார்க்க வேண்டும் என்பது அந்த விளக்கம். சட்டப் பிரதிநிதி என்றால் இறந்தவரின் சொத்தைப் பிரதிநிதித்துவம் செய்பவர் என்று அதே சட்டத்தின் பிரிவு 2(11) வரையறுக்கிறது. இரண்டையும் சேர்த்துப் படித்தால், திருப்பூர் பனியன் கம்பெனியில் வேலை செய்யும் மகனின் சம்பளம் கணக்கில் வராது. அப்பா விட்டுப்போன சொத்தில், வழக்குச் சொத்தும் ஜப்திக்கு உட்படாததும் நீங்கலாக, கட்டணம் கட்டும் அளவுக்கு ஏதாவது மிஞ்சுகிறதா என்பது மட்டுமே கேள்வி.

இந்த வாசிப்பு சொல்லளவில் வலுவானது. ஆனால் தடை இல்லாமல் இல்லை. டிரஸ்டி, உயில் நிறைவேற்றுபவர், கோயில் நிர்வாகி போன்றவர்கள் பிறருக்காக வழக்காடுகிறார்கள். ஜெயித்தால் சொத்து அவர்களுக்குப் போகாது. மகன் அப்படி அல்ல, ஜெயித்தால் நிலம் அவனுக்கே. பிரதிநிதி என்ற போர்வையில் தன் லாபத்துக்கு வழக்காடும் ஒருவருக்கு அந்த விளக்கம் பொருந்துமா என்ற கேள்வி நியாயமானது. கூட்டுக் குடும்பச் சொத்தில் சிக்கல் இன்னும் இறுகும். அங்கே மகனுக்குப் பிறப்பாலேயே பங்கு. தமிழ்நாட்டில் 1989 முதல் மணமாகாத மகளுக்கும், 2005 மத்தியத் திருத்தத்தால் எல்லா மகள்களுக்கும் அதே பங்கு. தந்தையின் பாகப்பிரிவினை வழக்கில் அவர்கள் வாரிசாக மட்டும் நிற்பதில்லை, சொந்த உரிமையிலும் நிற்கிறார்கள். பல நேரம் ஏற்கெனவே பிரதிவாதிகளாக அந்த வழக்கிலேயே இருப்பார்கள். அவர்களுடைய 'பிரதிநிதி முறை' எங்கே முடிகிறது, 'சொந்த முறை' எங்கே தொடங்குகிறது என்று கோடு போடுவது கடினம்.

வாரிசுகள் ஒருவருக்கு மேல் இருந்தாலும் இதே சங்கடம். மூன்று பிள்ளைகளில் ஒருவர் அரசு ஊழியர், மற்ற இருவர் செங்கல் சூளையில். வாதிகள் சேர்ந்து வழக்காடினால் எல்லோருமே வசதியற்றவராக இருக்க வேண்டும் என்று கண்டிப்பாகப் பார்த்தால், ஒருவரின் மாதச் சம்பளம் மற்ற இருவரின் கதவையும் அடைக்கும். 2011இல் மத்தாய் பைகடே வழக்கில் உச்ச நீதிமன்றம், போதிய வசதி என்பது சட்டப்படியான சாதாரண வழிகளில் பணம் திரட்டும் திறன் என்று விளக்கியது. வேலை, ஓய்வூதியப் பலன், விற்கக்கூடிய சொத்து, கடன் ஆகியவற்றோடு குடும்பத்தார், நண்பர்கள் செய்யும் உதவியையும் கணக்கில் கொள்ளலாம் என்றது. இதை விரித்துப் படித்தால், மகனின் கையிருப்பு தந்தை உயிரோடு இருக்கும்போதே எடைக்கு வந்திருக்க வேண்டும். ஏற்கெனவே எடை போட்டதை அவர் இறந்ததும் இன்னொரு முறை போடுவது ஏன்?

மூன்றாவது தரப்பு அதிகம் பேசப்படவில்லை. எனக்கு நியாயமாகப் படுவது அதுதான். அனுமதி ஏற்கெனவே கொடுக்கப்பட்டுவிட்ட வழக்கில், வாரிசுகள் அந்த அனுமதியோடேயே தொடரட்டும். அவர்களுக்கு வசதி இருக்கிறது என்று நினைக்கும் பிரதிவாதியோ அரசு வழக்கறிஞரோ விதி 9இன் கீழ் அனுமதியை ரத்து செய்யக் கேட்கலாம். வசதி வந்துவிட்டால் அனுமதியைத் திரும்பப் பெறும் அதிகாரம் அந்த விதியில் இருக்கிறது. நிரூபிக்கும் சுமை, சந்தேகம் எழுப்புகிறவர் தோளில் விழும். பின்னாலிருந்து வழக்கை நடத்தும் வசதியான மகனைப் பிடிக்க இதுவே போதும். கூலி வேலை செய்யும் மகளை அலைக்கழிக்கவும் தேவையில்லை. மனு நிலுவையில் இருக்கும்போதே மரணம் நேர்ந்தால் கதை வேறு. அங்கே நீதிமன்றம் இன்னும் எதையும் முடிவு செய்யவில்லை. வாரிசுகளின் நிலைமையைப் பார்த்தே ஆக வேண்டும்.

இந்தத் தீர்விலும் ஓர் ஓட்டை உண்டு என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும். வாரிசுகளுக்கு என்ன வசதி என்பது அவர்களுக்குத்தான் தெரியும். எதிராளி அதை வெளியிலிருந்து தோண்டி எடுப்பது சுலபமல்ல. வாரிசாகச் சேரும் மனுவிலேயே சொத்து விவர உறுதிமொழி ஒன்றைக் கேட்டால் ஓரளவு சரியாகும்.

எந்த உரிமை இறங்கும், எது இறங்காது

இதுவரை சொன்னதெல்லாம் வழக்குரிமை வாரிசுக்கு இறங்கும் என்ற அனுமானத்தில். நிலம், கடன், ஒப்பந்தம் ஆகியவற்றில் அது சரி. எல்லாவற்றிலும் அல்ல. 1925ஆம் ஆண்டு இந்திய வாரிசுரிமைச் சட்டத்தின் பிரிவு 306, அவதூறு, தாக்குதல், மரணம் விளைவிக்காத உடற்காயம் ஆகியவற்றுக்கான வழக்குரிமை பாதிக்கப்பட்டவரோடு முடிந்துவிடும் என்கிறது. கட்டணப் பிரச்சினைக்கு வருமுன்பே வழக்கு போய்விடும்.

சாலை விபத்தில் இந்தப் பழைய விதி நெடுங்காலம் குடும்பங்களை வதைத்தது. சேலம்–பெங்களூரு நெடுஞ்சாலையில் தொப்பூர் கணவாய் விபத்துக்குப் பேர்போன இடம். அங்கே காயமடைந்து இழப்பீடு கேட்டவர், வழக்கு நடக்கும்போது வேறு நோயில் இறந்தால், அவருடைய கோரிக்கை என்னவாகும் என்பதில் தீர்ப்புகள் பல திசையில் போயின. மோட்டார் வாகனச் சட்டத்தின் 2019 திருத்தம், 2022 ஏப்ரல் 1 முதல் நடைமுறைக்கு வந்து, மரணத்துக்கும் காயத்துக்கும் தொடர்பு இருந்தாலும் இல்லாவிட்டாலும் இழப்பீட்டு உரிமை வாரிசுகளுக்குச் செல்லும் என்று தீர்த்துவைத்தது. கட்டணத்தைப் பொறுத்தவரை, ஹரியானா அரசு எதிர் தர்ஷனா தேவி வழக்கில், விபத்தில் குடும்பத் தலைவரை இழந்தவர்கள் கட்டளை 33இன் பலனைத் தீர்ப்பாயத்திலும் பெறலாம் என்று நீதிபதி கிருஷ்ணய்யர் 1979இலேயே வழி திறந்திருந்தார்.

தர்மபுரி மாவட்டத்தின் மிகப் பெரிய நீதிப் போராட்டத்தை இந்த வெளிச்சத்தில் பார்க்கலாம். 1992 ஜூன் 20 அன்று அரூர் வட்டம் வாச்சாத்தி என்ற மலையாளிப் பழங்குடிக் கிராமத்தில் சந்தனக் கட்டை தேடுகிறோம் என்று வனத்துறை, காவல் துறை, வருவாய்த் துறையினர் புகுந்தனர். 18 பெண்கள் பாலியல் வன்கொடுமைக்கு ஆளானார்கள். 2011 செப்டம்பர் 29 அன்று தர்மபுரி முதன்மை அமர்வு நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னபோது, குற்றம் சாட்டப்பட்ட 269 பேரில் 54 பேர் இறந்துவிட்டிருந்தார்கள். எஞ்சிய 215 பேரும் குற்றவாளிகள் எனத் தீர்ப்பானது. 2023 செப்டம்பர் 29 அன்று சென்னை உயர் நீதிமன்றம் அதை உறுதி செய்து, பாதிக்கப்பட்ட பெண்களுக்குத் தலா 10 லட்ச ரூபாய் இழப்பீடு வழங்க உத்தரவிட்டது. இறந்துவிட்டவர்களின் குடும்பங்களையும் அது விட்டுவிடவில்லை. வாச்சாத்தி பாப்பர் வழக்கு அல்ல. ரிட் மனுவும் சி.பி.ஐ. விசாரணையும் குற்றவியல் நீதிமன்றமும் சேர்ந்த பாதை. அதே பெண்கள் 1992இல் தாக்குதலுக்கான நட்டஈடு கேட்டு சிவில் வழக்குப் போட்டிருந்தால் முதலில் மதிப்பு வழிக் கட்டணமோ ஏழ்மை விசாரணையோ எதிரே நின்றிருக்கும். அதைத் தாண்டினாலும், இடையில் இறந்தவரின் கோரிக்கையைப் பிரிவு 306 முடித்திருக்கக்கூடும். முப்பத்தோரு ஆண்டு நீண்ட ஒரு வழக்கின் பலன் குடும்பங்களைச் சென்றடைந்ததற்கு, அது கட்டளை 33 வழியே போகாததும் ஒரு காரணம்.

சட்ட உதவி என்ற பக்கவாட்டு வழி

1987இல் இயற்றப்பட்டு 1995 நவம்பர் 9 முதல் நடைமுறைக்கு வந்த சட்டப் பணிகள் ஆணையச் சட்டம் வேறொரு கணக்குப் போடுகிறது. பெண்கள், பட்டியல் சாதியினர், பழங்குடியினர், மாற்றுத் திறனாளிகள் உள்ளிட்டோர் வருமானம் எவ்வளவு என்று பாராமலே இலவசச் சட்ட உதவிக்கு உரியவர்கள். நீதிமன்றக் கட்டணமும் அந்த உதவியில் அடங்கும். வாரிசாக வரும் விதவைக்கும் மகளுக்கும், சித்தேரி மலைப் பழங்குடிக் குடும்பத்துக்கும் பாப்பர் ஓ.பி.யை விட இது நேரான வழி. இங்கே ஏழ்மை ஆளோடு போகுமா என்ற வாதமே எழாது. தகுதியை ஒவ்வொருவரும் தம் பெயரில் பெறுகிறார்கள்.

குறை என்னவென்றால், ஒரே வழக்கில் தாய்க்குக் கிடைப்பது மகனுக்குக் கிடைக்காமல் போகலாம். மகன் வருமான வரம்புக்குள் வர வேண்டும். பாப்பர் வழக்கில் வாதி இறந்ததும் அதைச் சட்ட உதவி வழக்காக மாற்றி எழுதும் தெளிவான நடைமுறையும் சட்டத்தில் வகுக்கப்படவில்லை. இரண்டு ஏற்பாடுகளும் ஒன்றையொன்று பாராமல் பக்கத்தில் பக்கத்தில் ஓடுகின்றன.

முடிவாகாதவை

வழக்குரிமை இறங்கும் வகையாக இருந்தால் பாப்பர் வழக்கு வாரிசுகளின் கையில் தொடரும் என்பது உறுதியான தரை. அனுமதி ஒரு நிரந்தரத் தள்ளுபடி அல்ல என்பதும் உறுதி. அதற்கு மேல் தரை இளகுகிறது. மூன்றாம் விளக்கம் மகனுக்கும் மகளுக்கும் பொருந்துமா? பல வாரிசுகளில் ஒருவருக்கு மட்டும் வசதி இருந்தால் அவர் பங்குக்கான கட்டணத்தை மட்டும் பிரித்து வாங்கலாமா? வாரிசுகள் தோற்றால் கட்டணம் இறந்தவரின் சொத்தோடு நிற்குமா, அவர்களுடைய சொந்தப் பைக்கும் கை நீளுமா? வழக்கு அற்றுப்போகும்போது இறந்தவரின் சொத்தை மட்டுமே தொடும் விதி 11அ, வாரிசுகள் தோற்கும்போது வாய் திறக்கவில்லை. அற்றுப்போகும்போது ஒரு நியாயம், தோற்கும்போது வேறொரு நியாயம் என்பது பொருந்தாது. இரண்டு இடத்திலும் இறந்தவர் சொத்தோடு நிற்பதே சரி என்று வாதிடலாம்.

இவற்றுக்கெல்லாம் நாடாளுமன்றம் வரை போக வேண்டியதில்லை. கட்டளைகளில் உள்ள விதிகளைத் தன் எல்லைக்குள் மாற்றவும் சேர்க்கவும் உயர் நீதிமன்றங்களுக்கு நடைமுறைச் சட்டத்தின் பிரிவு 122 அதிகாரம் தருகிறது. விதி 11அவுக்கு அடுத்து, 'வழக்கு அற்றுப்போகாதபோது' என்று தொடங்கும் ஒரு விதியைச் சென்னை உயர் நீதிமன்றம் சேர்த்தால், தர்மபுரியிலும் அரூரிலும் ஒவ்வொரு முறையும் இந்த வாதத்தை அரிச்சுவடியிலிருந்து தொடங்க வேண்டியிருக்காது.

அதுவரை, வாரிசுகள் நினைவில் வைக்க வேண்டியது கட்டணத்தை அல்ல, நாட்களை. இறந்த நாளிலிருந்து 90 நாட்களுக்குள் வாரிசாகச் சேர மனுப் போட வேண்டும். தவறினால் வழக்கு அற்றுப்போகும். அதை நீக்கக் கோர மேலும் 60 நாள் உண்டு. அதற்கும் பிறகு தாமதத்துக்குப் போதிய காரணம் காட்ட வேண்டும். இதில் தாராளமாக நடந்துகொள்ளும்படி உச்ச நீதிமன்றம் 2003இல் மித்தாய்லால் வழக்கில் சொல்லியிருந்தாலும், அதை நம்பிக் காத்திருப்பது ஆபத்து. தாசில்தார் அலுவலகத்து வாரிசுச் சான்றிதழ் வரட்டும் என்று மனுவைத் தள்ளிப்போட வேண்டாம்; மனுவை முதலில் தாக்கல் செய்துவிட்டுச் சான்றிதழைப் பின்னர் கொடுக்கலாம். கட்டணம் கட்ட அவகாசம் தர நீதிமன்றத்துக்குப் பிரிவு 149இலும் விதி 15அவிலும் இடம் இருக்கிறது.